பாட்டுக்குப் பெயர் வைக்கிறவர்: சைமன் ரெனால்ட்ஸ் வழியாக பிரிட்டிஷ் இசை எழுத்தைப் புரிந்துகொள்வது

1980களின் பிரிட்டனில் பாட்டுப் பைத்தியம் பிடித்த பிள்ளைகள் ஒரு புது பேண்டின் இசையைக் கேட்பதற்கு முன்பே அதைப் பற்றிப் படித்துவிடுவார்கள். வேறு வழியில்லை. பிபிசி ரேடியோ 1 பகல் முழுக்க ஹிட் பாட்டுகளைத்தான் போடும். இரவில் ஜான் பீல் நிகழ்ச்சி வந்தால்தான் பெயர் தெரியாத பேண்டுகளுக்கு இடம். வாரா வாரம் எல்பி (முழு ஆல்ப இசைத்தட்டு) வாங்கக் கையில் காசு இருக்காது. ஆனால் நியூ மியூசிக்கல் எக்ஸ்பிரஸ், மெலடி மேக்கர், சவுண்ட்ஸ் என்ற வாரப் பத்திரிகைகளில் ஒன்றையாவது வாங்கிவிடலாம். செய்தித்தாள் காகிதத்தில் வரும்; படித்து முடிக்கும்போது விரலெல்லாம் கறுப்பு மை.

இதனால் எழுதுகிறவர் தலையில் ஒரு பாரம் ஏறியது. வாசகர் கேட்டிராத ஒலியை அவர் மனதில் எழுப்ப வேண்டும். ‘கித்தார் பிரமாதம், குரல் இனிமை’ என்று எழுதினால் யாருக்கும் எதுவும் கேட்காது. உவமை வேண்டும், வாதம் வேண்டும், கொஞ்சம் திமிரும் வேண்டும். இங்கிருந்து கிளம்பிய எழுத்தாளர்கள் ஒரு தனி ஜாதி.

இசைப் பத்திரிகையாளர் என்றதும் ஆல்பத்துக்கு நட்சத்திரம் போடுகிறவர், பாடகரிடம் ‘அடுத்து என்ன?’ என்று கேட்கிறவர் என்றுதான் நினைப்போம். இரண்டும் அந்த வேலையில் உண்டு. பிரிட்டனில் மூன்றாவதாக ஒன்றும் வளர்ந்தது. கண்முன்னால் நடக்கிற இசைக்குள் ஒரு போக்கைக் கண்டுபிடிப்பது, அதற்குப் பெயர் வைப்பது, அது எங்கிருந்து வந்தது, எங்கே போகிறது என்று சண்டை போடுவது. சைமன் ரெனால்ட்ஸ் நாற்பது வருடமாக விடாமல் செய்துவருவது இந்த மூன்றாவது வேலையைத்தான். பிரிட்டிஷ் இசை எழுத்து என்றால் என்ன என்று புதிதாகத் தெரிந்துகொள்ள விரும்புகிறவருக்கு அவரைவிட நல்ல உதாரணம் எனக்குத் தோன்றவில்லை. அவரோடு உடன்படாதவர்கள்கூட அவர் வைத்த பெயர்களைச் சொல்லித்தான் அவரைத் திட்டுகிறார்கள்!

முதலில் அந்தப் பத்திரிகைகளைப் பற்றிக் கொஞ்சம். மெலடி மேக்கர் 1926இல் நடன இசைக்குழுக்களில் வாசிப்பவர்களுக்கான தொழில் பத்திரிகையாகத் தொடங்கியது. நியூ மியூசிக்கல் எக்ஸ்பிரஸ், சுருக்கமாக என்எம்இ, 1952இல் வந்தது. அந்த வருடம் நவம்பரில் சுமார் இருபது ரெக்கார்டு கடைகளுக்குப் போன் போட்டு, எது அதிகம் விற்கிறது என்று கேட்டு, பிரிட்டனின் முதல் விற்பனைத் தரவரிசையை வெளியிட்டது. 1964இல், பீட்டில்ஸ் அலை அடித்தபோது, அதன் விற்பனை மூன்று லட்சம் பிரதிகளைத் தாண்டியது. சவுண்ட்ஸ் 1970இல் வந்து சேர்ந்தது.

1976இல் பங்க் என்ற முரட்டு, வேக ராக் இசை கிளம்பிய நேரம், துடிப்பான இளம் எழுத்தாளர்கள் வேண்டும் என்று என்எம்இ ஒரு விளம்பரம் போட்டது. தேர்வானவர்களில் ஒருவர் ஜூலி பர்ச்சில்; வயது பதினேழு. இன்னொருவர் டோனி பார்சன்ஸ்; ஜின் தயாரிக்கும் ஆலையில் வேலை பார்த்தவர், பின்னாளில் பிரபல நாவலாசிரியர் ஆனார். பட்டம் கிட்டம் எதுவும் கேட்கவில்லை. எழுதத் தெரியுமா, எழுத்தில் சூடு இருக்கிறதா, அவ்வளவுதான். பத்திரிகை ஆபீஸ் ஒரு பள்ளிக்கூடம் மாதிரி இருந்த காலம் அது.

ரெனால்ட்ஸ் வந்த வழி வேறு. 1963இல் லண்டனில் பிறந்தவர், ஆக்ஸ்ஃபோர்டில் வரலாறு படித்தவர். 1984இல் நண்பர்களோடு சேர்ந்து ‘மானிட்டர்’ என்ற ஃபேன்சீனைத் தொடங்கினார். ஃபேன்சீன் என்றால் ரசிகர்களே எழுதி, ஒட்டி, நகலெடுத்து, ரெக்கார்டு கடைகளிலும் கச்சேரி வாசல்களிலும் விற்கிற சிற்றிதழ். பங்க் காலத்திலேயே இது பெரிய பழக்கமாகிவிட்டது. மார்க் பெர்ரி 1976இல் லண்டனில் தொடங்கிய ஸ்னிஃபின் க்ளூ எல்லோருக்கும் முன்மாதிரி. மற்ற ஃபேன்சீன்களில் பேட்டியும் விமர்சனமும் நிறைந்திருக்கும். மானிட்டரில் பெரும்பாலும் கட்டுரைகள். பாப் இசையை வைத்துக்கொண்டு யோசிப்பதுதான் அதன் நோக்கம்.

1986இல் மெலடி மேக்கர் அவரை எடுத்துக்கொண்டது. மானிட்டரில் கூட எழுதிய டேவிட் ஸ்டப்ஸும் அங்கே வந்து சேர்ந்தார். அப்போது இசை எழுத்தில் ஓங்கியிருந்த எண்ணம் இதுதான்: பாட்டு என்றால் அதில் செய்தி இருக்க வேண்டும், உணர்ச்சி நேர்மையாக இருக்க வேண்டும், வரிகள் அரசியல் பேச வேண்டும். ரெனால்ட்ஸ் இதற்கு நேர் எதிராகப் போனார். வரிகளை விடுங்கள், ஒலி உங்களை என்ன செய்கிறது என்று பாருங்கள் என்றார். மை பிளடி வாலன்டைன், ஏ.ஆர். கேன் மாதிரியான பேண்டுகளின் இசையில் சொற்கள் மங்கி, கித்தார் இரைச்சல் ஒரு மூடுபனிபோல் ஆளை விழுங்கிவிடும். அந்த மயக்கத்தைத்தான் அவர் கொண்டாடினார். ரோலான் பார்த், ஜூலியா கிறிஸ்தேவா போன்ற பிரெஞ்சு சிந்தனையாளர்களை இழுத்துவந்து, வார இதழின் விமர்சனப் பத்தியில் உட்கார வைத்தார். அந்தக் கட்டுரைகளின் தொகுப்பு 1990இல் ‘பிளிஸ்டு அவுட்’ என்ற பெயரில் வந்தது. இன்று படித்தால் சில பக்கங்களில் அலட்டல் தெரியும். ஆனாலும் ஒரு இருபத்தைந்து வயது ஆள் வாரா வாரம் கெடுவுக்குள் இப்படி எழுதியிருக்கிறார் என்பது பொறாமைப்பட வைக்கிற விஷயம்.

சரி, பெயர் வைக்கிற விஷயத்துக்கு வருவோம்.

1994இல், கிழக்கு லண்டனைச் சேர்ந்த பார்க் சைக்கோசிஸ் என்ற பேண்டின் ‘ஹெக்ஸ்’ ஆல்பத்துக்கு மோஜோ இதழில் ரெனால்ட்ஸ் விமர்சனம் எழுதினார். அதில் ‘போஸ்ட்-ராக்’ என்றொரு சொல்லைப் போட்டார். சில வாரங்களில் தி வயர் இதழில் அதை விரித்து நீண்ட கட்டுரையாகவே எழுதினார். கருத்து எளிமையானது. கித்தார், பேஸ், டிரம்ஸ் என்று கையில் இருப்பதெல்லாம் ராக் கருவிகள்தான். ஆனால் செய்கிற வேலை ராக் இல்லை. ராக்கில் கித்தார் என்றால் திரும்பத் திரும்ப வந்து மண்டையில் ஒட்டிக்கொள்கிற ஒரு துணுக்கு இருக்கும், தாளத்தை அழுத்தி நிறுத்துகிற கனமான சுரக்கூட்டு இருக்கும். இவர்களோ கித்தாரை நிறம் தீட்டவும் வெளி உண்டாக்கவும் பயன்படுத்தினார்கள். பதிவான ஒலித் துண்டுகளை எடுத்து மாற்றி ஒலிக்கவைக்கிற கருவியான சாம்பிளரும் கணினியும் கித்தாருக்குச் சமமாக உட்கார்ந்தன.

அந்தச் சொல் அதற்கு முன்பும் அங்கங்கே தலைகாட்டியிருக்கிறது. அதற்கு ஒரு பொருளைக் கட்டிக்கொடுத்தது ரெனால்ட்ஸ்தான். அப்புறம் நடந்ததுதான் வேடிக்கை. சொல் அவர் கையை விட்டுப் போய்விட்டது. சிகாகோவின் டார்ட்டாய்ஸ், ஸ்காட்லாந்தின் மோக்வாய், மான்ட்ரியலின் காட்ஸ்பீட் யூ! பிளாக் எம்பரர், ஐஸ்லாந்தின் சிகூர் ரோஸ் என்று எல்லோர் மேலும் ஒட்டப்பட்டது. இன்று போஸ்ட்-ராக் என்றால் பலருக்கும் நினைவுக்கு வருவது மெல்லத் தொடங்கி, பத்து நிமிடத்தில் பேரிரைச்சலாக வெடிக்கிற, பாடகர் இல்லாத கித்தார் இசை. அவர் 1994இல் சொன்னது அது அல்ல. அந்த முத்திரையே வேண்டாம் என்று சலித்துக்கொண்ட பேண்டுகளும் உண்டு. விமர்சகர் வைக்கிற பெயர் ஊருக்குள் புழங்க ஆரம்பித்துவிட்டால் அதன் பொருளைத் தீர்மானிக்கிற உரிமை அவருக்கு இல்லை.

ஆனால் அவர் வாழ்நாள் சிந்தனை என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமானால் அது ‘ஹார்டுகோர் கன்டினுவம்’தான். ஹார்டுகோர் தொடர்ச்சி என்று வைத்துக்கொள்ளலாம். இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

1988 வாக்கில் ஆசிட் ஹவுஸ் என்ற எலெக்ட்ரானிக் நடன இசையின் அலையோடு பிரிட்டனில் ரேவ் கலாசாரம் வெடித்தது. கிடங்குகளிலும் வயல்வெளிகளிலும் விடிய விடிய எலெக்ட்ரானிக் இசைக்கு ஆயிரக்கணக்கானோர் ஆடினார்கள். 1992 மே மாதம் காசில்மார்ட்டனில் நடந்த இலவச விழாவுக்குக் கூடிய கூட்டத்தைப் பார்த்து அரசாங்கம் பதறியது. 1994இல் வந்த குற்றவியல் சட்டம், திரும்பத் திரும்ப ஒலிக்கும் தாளங்களைக் கொண்ட இசை என்று இந்த இசைக்கு வரையறையே கொடுத்து, அனுமதியில்லாத கூட்டங்களைக் கலைக்கப் போலீசுக்கு அதிகாரம் தந்தது. ஒரு நாட்டின் பாராளுமன்றம் தாளத்துக்கு வரையறை எழுதுகிறது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

அந்த நேரத்தில் பெரும்பாலான விமர்சகர்கள் இந்த இசையை மதிக்கவில்லை. குறிப்பாக 1991, 92இல் வந்த ஹார்டுகோர் ரேவ் இசை: வேகத்தைக் கூட்டிய டிரம்ஸ், அணில் கத்துவது மாதிரி உயர்த்தப்பட்ட குரல்கள், வயிற்றைக் கலக்குகிற பேஸ், அதாவது அடித்தள ஒலி. படிக்காத பையன்களின் போதைக் கூத்து என்று ஒதுக்கினார்கள். ரெனால்ட்ஸ் அங்கே போய் ஆடினார். வீட்டில் உட்கார்ந்து, உரிமம் இல்லாமல் ஒலிபரப்புகிற திருட்டு வானொலிகளை கேசட்டில் பதிவு செய்தார். பிரெஞ்சு தத்துவம் பேசிய ஆள் அந்தக் கேசட்டுகளுக்கு அடிமையாகிப் போனார்.

திருட்டு வானொலி எப்படி இயங்கியது என்று தெரிந்தால்தான் இந்தத் தொடர்ச்சி புரியும். லண்டனின் அரசுக் குடியிருப்புகளில் இருபது மாடிக் கட்டடங்கள் உண்டு. மொட்டை மாடியில் ரகசியமாக ஆன்டெனா ஏற்றுவார்கள். ஸ்டூடியோ வேறொரு கட்டடத்தில், ஏதோ ஒரு ஃபிளாட்டின் படுக்கையறையில். அதிகாரிகள் வந்து டிரான்ஸ்மிட்டரைக் கழற்றிக்கொண்டு போனால், அடுத்த சில நாட்களில் வேறொன்றை மாட்டிவிடுவார்கள். 1991இல் ஹாக்னி பகுதியில் தொடங்கிய கூல் எஃப்எம் இவற்றில் புகழ்பெற்றது. டிஜே தட்டைச் சுழற்றுவார். எம்சி மைக்கில் பேசிக்கொண்டே இருப்பார். கேட்கிறவர்கள் போன் போடுவார்கள், பேஜரில் செய்தி அனுப்புவார்கள். எந்தத் தெருவிலிருந்து யார் என்று எம்சி பாட்டோடு பாட்டாகச் சொல்வார். அன்றைக்குக் காலை முடித்த டிராக்கை மாலையில் டப்பிளேட்டாக வெட்டி வாங்கிவந்து, இரவு ஒலிபரப்புவார்கள். டப்பிளேட் என்பது மெல்லிய பூச்சு பூசிய ஒற்றைப் பிரதித் தட்டு. சில டஜன் தடவை ஓட்டினாலே தேய்ந்துவிடும். அது தேயும்வரை அந்த இசை அந்த டிஜேயிடம் மட்டும்தான். கூட்டத்துக்குப் பிடித்துவிட்டால் கூச்சல் போட்டு நிறுத்தச் சொல்வார்கள். டிஜே தட்டைப் பின்னுக்கு இழுத்து முதலிலிருந்து போடுவார். இந்தப் பழக்கங்களில் பல ஜமைக்காவின் சவுண்டு சிஸ்டம் கலாசாரத்திலிருந்து, இரண்டாம் உலகப் போருக்குப் பின் லண்டனில் குடியேறிய கரீபியக் குடும்பங்கள் வழியாக வந்தவை.

இனி ரெனால்ட்ஸின் வாதம். ஹார்டுகோர் ரேவ் 1993 வாக்கில் ஜங்கிளாக மாறியது. வின்ஸ்டன்ஸ் என்ற அமெரிக்கக் குழு 1969இல் பதிவு செய்த ஒரு பாட்டில் ஆறேழு நொடி வருகிற டிரம்ஸ் துண்டை சாம்பிளரில் போட்டு நறுக்கி, வேகத்தைக் கூட்டி, அடியில் ரெகே பேஸை ஓடவிட்டார்கள். ஜங்கிள் டிரம் அண்ட் பேஸ் ஆனது. பிறகு வேகம் குறைந்து யூகே கராஜ், அதிலிருந்து டூ-ஸ்டெப். 2002 வாக்கில் கிழக்கு லண்டனின் போ பகுதியில் எம்சிகள் ராப் பாடுகிற கிரைம் (grime; குற்றம் என்ற ‘கிரைம்’ அல்ல). ஏறக்குறைய அதே காலத்தில் தெற்கு லண்டனில் பேஸ் கனத்த டப்ஸ்டெப். கேட்டுப்பார்த்தால் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத மாதிரி இருக்கும். ஜங்கிளின் வேகம் நிமிடத்துக்கு 160 தாளத்துக்கு மேல். டூ-ஸ்டெப் 130ஐ ஒட்டியது. ஒன்றில் இருட்டு, இன்னொன்றில் ஷாம்பெயின் பளபளப்பு. ஆனால் பாட்டியின் மூக்கு பேத்திக்கு வந்து உட்காருவதுபோல் சில விஷயங்கள் விடாமல் தொடர்கின்றன என்றார் ரெனால்ட்ஸ்: அதே திருட்டு வானொலி, அதே டப்பிளேட், அதே எம்சி, அதே பேஸ் மோகம், கறுப்பரும் வெள்ளையரும் ஆசியரும் கலந்த அதே லண்டன் உழைக்கும் வர்க்கப் பிள்ளைகள். இசை மாறிக்கொண்டே இருக்கிறது. அதை உண்டாக்குகிற ஏற்பாடு மாறவில்லை. ஆகவே இது ஒரே மரபு.

இந்த வாதத்தின் பலம் எங்கே என்றால், அது தனி மேதையைத் தேடிப் போகவில்லை. இன்னார்தான் ஜங்கிளைக் கண்டுபிடித்தார் என்று சொல்ல முடியாது. டிஜே, எம்சி, தட்டு வெட்டுகிறவர், போன் போடுகிறவர், ஆடுகிறவர் என்று ஒரு வட்டாரமே சேர்ந்து கண்டுபிடித்தது. தொண்ணூறுகளின் தொடக்கத்திலிருந்து தி வயர் இதழில் எழுதிய கட்டுரைகளில் இதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டினார். 1998இல் வந்த ‘எனர்ஜி ஃபிளாஷ்’ நூலில் ரேவ் வரலாறு முழுவதையும் எழுதினார். 2009இல் லிவர்பூலில் இதைப் பற்றிச் சொற்பொழிவே ஆற்றினார். எதிர்ப்பும் பலமாக வந்தது. ஒரு கோட்டைப் போட்டுவிட்டு, கோட்டுக்கு உள்ளே இருப்பதுதான் அசல் என்கிறாரே, வெளியே நிற்கிற இசையை என்ன செய்வது என்று இளைய எழுத்தாளர்கள் கேட்டார்கள்.

நியாயமான கேள்வி. நமக்குத் தெரிந்த ஒருவரை வைத்தே அதைப் பார்க்கலாம். எம்ஐஏ என்ற பெயரில் பாடுகிற மாதங்கி அருள்பிரகாசம். ஈழத் தமிழ்க் குடும்பம். குழந்தைப் பருவம் யாழ்ப்பாணத்தில். போருக்குத் தப்பிவந்து தெற்கு லண்டனின் மிட்சம் பகுதியில் அரசுக் குடியிருப்பில் வளர்ந்தவர். பிறகு லண்டனில் கலைக்கல்லூரி. 2005இல் முதல் ஆல்பமான ‘அருளர்’ வெளிவரும் சமயம், நியூயார்க்கின் வில்லேஜ் வாய்ஸ் இதழில் ரெனால்ட்ஸ் எழுதினார். பாராட்டைவிட சந்தேகமே அதில் அதிகம். ஜமைக்காவின் டான்ஸ்ஹால், பிரேசிலின் ஃபவேலா ஃபங்க், லண்டனின் கிரைம் என்று ஊர் ஊராகத் தாளங்களை எடுத்திருக்கிறார், ஆனால் இதில் எந்த வட்டாரத்துக்கும் அவர் சொந்தக்காரர் இல்லையே என்பது அவர் குறை. அதே பத்திரிகையில் அமெரிக்க விமர்சகர் ராபர்ட் கிறிஸ்காவ் எம்ஐஏவுக்கு ஆதரவாக எழுதினார்.

ரெனால்ட்ஸ் இங்கே தடுமாறிவிட்டார் என்பது என் கட்சி. ஒரு தெரு, ஒரு வட்டாரம், ஒரு வானொலி என்று வேரூன்றிய இசையைத்தான் அவர் கோட்பாடு உயர்த்திப் பிடிக்கிறது. ஊரை விட்டு ஓடிவந்த பிள்ளைக்கு எந்தத் தெரு சொந்தம்? பல இடங்களிலிருந்து எடுத்துச் சேர்ப்பதே அப்படிப்பட்டவரின் நேர்மையான இசையாக இருக்கலாம். ஆனாலும் அந்தக் கட்டுரையை ஒதுக்கிவிட முடியாது. தெளிவான கோட்பாடு வைத்திருக்கிற விமர்சகரிடம்தான் இவ்வளவு தெளிவாக முரண்படவும் முடிகிறது.

இதற்கிடையே அவர் பிழைப்பும் இடமும் மாறிவிட்டன. தொண்ணூறுகளின் நடுவில் நியூயார்க்குக்குக் குடிபெயர்ந்தார். மனைவி ஜாய் பிரஸ்ஸும் எழுத்தாளர். 1995இல் இருவரும் சேர்ந்து ராக் இசையில் ஆண்-பெண் அரசியலைப் பற்றி ஒரு நூல் எழுதினார்கள். கொஞ்ச காலம் ஸ்பின் இதழில் ஆசிரியர் குழுவில் இருந்தார். பிரிட்டனில் வார இதழ்கள் ஒவ்வொன்றாக விழுந்தன: சவுண்ட்ஸ் 1991இல், மெலடி மேக்கர் 2000இல், என்எம்இயின் அச்சுப் பதிப்பு 2018இல். இசையைக் கேட்டுவிட்டே முடிவு செய்யலாம் என்று ஆன பிறகு, அதை எழுத்தில் வருணிக்கிறவருக்கு யார் காசு கொடுப்பார்கள்? தப்பித்தவர்கள் புத்தகத்துக்குப் போனார்கள்.

ரெனால்ட்ஸ் போனது பெரிய புத்தகங்களுக்கு. 2005இல் வந்த ‘ரிப் இட் அப் அண்ட் ஸ்டார்ட் அகெய்ன்’ 1978 முதல் 1984 வரையிலான போஸ்ட்-பங்க் காலத்தின் வரலாறு. பங்க்தான் புரட்சி என்று எல்லோரும் சொல்லிக்கொண்டிருக்க, பங்க் முடிந்த பிறகுதான் விஷயமே ஆரம்பித்தது என்றார். 1978 ஜனவரியில் பங்கின் முக்கியக் குழுவான செக்ஸ் பிஸ்டல்ஸ் உடைந்தது. அதன் பாடகர் ஜானி ராட்டன் தன் சொந்தப் பெயரான ஜான் லைடனுக்குத் திரும்பி, பப்ளிக் இமேஜ் லிமிடெட் என்ற குழுவைத் தொடங்கினார். ஜமைக்காவின் எதிரொலி நிறைந்த டப், டிஸ்கோ, ஜெர்மானிய எலெக்ட்ரானிக் இசை எல்லாம் கித்தார் இசைக்குள் புகுந்தது இந்தச் சில வருடங்களில்தான். ஸ்க்ரிட்டி பொலிட்டி என்ற குழு 1978இல் வெளியிட்ட தன் முதல் தட்டின் உறையில் ஸ்டூடியோ வாடகை, மாஸ்டரிங், தட்டு அடிக்கிற செலவு எல்லாவற்றையும் கணக்குப் போட்டு அச்சிட்டது. நீங்களும் போடலாம், இவ்வளவுதான் செலவு என்று வாங்குகிறவருக்குச் சொல்கிற வேலை. இப்படியான சின்ன விஷயங்களைப் பிடித்து ஒரு காலத்தின் மனநிலையைக் காட்டுவதில்தான் ரெனால்ட்ஸ் உச்சத்தில் இருக்கிறார், தத்துவத்தில் அல்ல.

2011இல் வந்த ‘ரெட்ரோமேனியா’ அவருடைய மிகவும் விவாதிக்கப்பட்ட நூல். 2000க்குப் பின் பாப் இசை முன்னால் போவதை நிறுத்திவிட்டு, தன் பழைய பெட்டியையே கிளறிக்கொண்டிருக்கிறது என்பது வாதம். பிரிந்த பேண்டுகள் மறுபடி சேர்வது, பழைய ஆல்பங்களின் சிறப்புப் பதிப்புகள், எண்பதுகளின் ஒலியை அச்சு அசலாக நகலெடுக்கிற புதியவர்கள். இதற்குக் காரணமாக அவர் காட்டியது தொழில்நுட்பத்தை. யூடியூப் 2005இல் வந்தது. அதுவரை தேடி அலைய வேண்டியிருந்த பழைய இசையெல்லாம் ஒரே நொடியில் கைக்கு வந்துவிட்டது. கடந்தகாலம் இவ்வளவு பக்கத்தில் வந்து நின்றால் அதைத் தாண்டிப் போக யாருக்குத் தோன்றும்?

இது வயதான ரசிகரின் புலம்பல் என்றார்கள் சிலர். அவரும் அந்தப் புலம்பலில் தேங்கிவிடவில்லை. 2018இல் பிட்ச்ஃபோர்க் இதழில் ஆட்டோ-டியூனின் நீண்ட வரலாற்றை எழுதினார். சுருதி தப்பிய குரலைச் சரிசெய்ய 1997இல் சந்தைக்கு வந்த மென்பொருள் அது. அடுத்த வருடம் அமெரிக்கப் பாடகி ஷெர் பாடிய ‘பிலீவ்’ பாட்டில் வேண்டுமென்றே மிகையாகப் போடப்பட்டது. பின்னாளில் ராப் பாடகர்களின் கையில் மனிதக் குரலையே புதிதாக்கியது. புதுமை செத்துவிட்டது என்று சொன்னவர் அதைக் குரலுக்குள் கண்டெடுத்தார். எதிர்காலத்தன்மை கொண்ட இசையைப் பற்றிய அவருடைய கட்டுரைகள் ‘ஃபியூச்சரோமேனியா’ என்ற தொகுப்பாக 2024இல் வந்தன.

இப்போது எதிலிருந்து படிக்கத் தொடங்குவது? ராக் பின்னணி உள்ளவர்கள் ‘ரிப் இட் அப்’பில் தொடங்கலாம், அத்தியாயத்துக்கு அத்தியாயம் பேண்டுகளைக் கேட்டுக்கொண்டே போனால் சில மாதங்களுக்குத் தாங்கும். வாதம் செய்யப் பிடிக்கும் என்றால் ‘ரெட்ரோமேனியா’. ‘பிளிஸ்டு அவுட்’டைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். என்னைக் கேட்டால் ‘எனர்ஜி ஃபிளாஷ்’தான் முதல். ஆனால் ஒரு எச்சரிக்கை: அமெரிக்காவில் அது ‘ஜெனரேஷன் எக்ஸ்டசி’ என்ற தலைப்பில், சுருக்கப்பட்ட பதிப்பாக வந்தது. பழைய புத்தகக் கடையில் அது கிடைத்தால் அவசரப்பட்டு வாங்காதீர்கள். 2008இலும் 2013இலும் புது அத்தியாயங்களோடு வந்த பதிப்புகளில் ஒன்றைப் பிடியுங்கள். டப்ஸ்டெப் வரை கதை ஓடுவது அவற்றில்தான்.